சாங்கியிலிருந்து சயாம் வரை சென்ற புத்தகம்

1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் ஜப்பானியரிடம் வீழ்ந்தபோது சிறைப்பட்ட பிரிட்டிஷ் அதிகாரிகளில் ஒருவர் எர்னஸ்ட் வில்லியம் ஸ்வாண்டன். பீரங்கிப் படையில் மேஜர். அவருடைய 18ஆம் டிவிஷன், சரணடைவதற்குச் சில வாரங்கள் முன்புதான் இங்கே கப்பலில் வந்து இறங்கியிருந்தது. பார்த்த சண்டை கொஞ்சம். இருந்த சிறை மூன்றரை ஆண்டு.

1907இல் லண்டனில் பிறந்த ஸ்வாண்டன், பத்திரிகையாளர், வானொலி வர்ணனையாளர். மிடில்செக்ஸ் அணிக்காக 1937, 1938இல் மூன்று முதல்தர ஆட்டங்கள் ஆடியவர். அதுவும் 'அமெச்சூர்' ஆட்டக்காரராக, அதாவது ஆட்டத்துக்குக் கூலி வாங்காதவராக. அக்கால இங்கிலாந்தில் கூலி வாங்குபவர், வாங்காதவர் என்று ஆட்டக்காரர்களுக்குள் பெரிய சாதிப் பிரிவே இருந்தது. 1962 வரை அது ஒழியவில்லை. 1935இல் 'அராப்ஸ்' என்றொரு அமெச்சூர் குழுவையும் இவர் தொடங்கினார். பெயரைப் பார்த்து நாம் உறவு கொண்டாட வேண்டாம், அரபு நாட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை!

சிறைக்குப் போகும்போது அவர் கையில் இருந்தது 'விஸ்டன்' என்னும் கிரிக்கெட் ஆண்டு நூலின் 1939ஆம் ஆண்டுப் பதிப்பு. தணிக்கை செய்த ஜப்பானியர் அதில் ஆபத்து ஒன்றும் இல்லை என்று முத்திரை குத்திக் கொடுத்தார்கள். சாங்கியிலிருந்து சயாம் ரயில்பாதை முகாம்கள் வரை அந்தப் புத்தகம் போயிற்று. கைதிகள் முறை வைத்து இரவல் வாங்கிப் படித்தார்கள். நைந்து பிரிந்தபோது, சோற்றுப் பசை தடவி மறுபடி கட்டினார்கள். அதில் என்ன இருந்தது? வெறும் ஆட்டக் கணக்கு. 1938இல் ஓவல் மைதானத்தில் இங்கிலாந்தின் ஹட்டன் 364 ஓட்டங்கள் எடுத்த கணக்கும் அதில் அடக்கம். அதே ஆட்டத்தில் ஹட்டன் 40இல் இருந்தபோது ஸ்டம்பிங் வாய்ப்பைத் தவறவிட்டவர் ஆஸ்திரேலிய விக்கெட் காப்பாளர் பென் பார்னெட். அவரும் ராணுவ கேப்டனாகச் சாங்கியில் கைதி!

எண்களின் வரிசை ஒரு மனிதனைப் பித்துப் பிடிக்காமல் காக்குமா என்று சிலர் கேட்கலாம். கடையில் பழைய பேரேட்டைப் புரட்டி உட்காரும் எனக்கு அது வியப்பாக இல்லை.

விடுதலையான ஸ்வாண்டன், முகாமில் ஆடிய கிரிக்கெட்டைப் பற்றி 1946 விஸ்டனிலேயே கட்டுரை எழுதினார். பிறகு 'டெய்லி டெலிகிராஃப்' நாளிதழில் சுமார் முப்பது ஆண்டுகள் கிரிக்கெட் எழுத்தாளர். 1964இல் சோபர்ஸ் போன்ற பெரிய ஆட்டக்காரர்களைக் கொண்ட குழு ஒன்று இவர் பெயரிலேயே மலேசியாவுக்கு ஆட வந்தது. 2000இல் காலமானார். அந்தப் பழைய விஸ்டன் லார்ட்ஸ் மைதான அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

அதே 415 கிலோமீட்டர் பாதையில்தான் மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆசை காட்டியும் லாரிகளில் பிடித்துப் போட்டும் கொண்டுபோன நம் தமிழர்களும் பல்லாயிரக்கணக்கில் உழைத்தார்கள். போர்க்கைதிகளுக்காவது உடன் சிறைப்பட்ட மருத்துவர்கள் இருந்தார்கள். காலராவில் விழுந்த தோட்டத் தொழிலாளிக்கு அதுவும் இல்லை. காஞ்சனபுரி போர்க் கல்லறையில் ஏறக்குறைய 7,000 கைதிகள் வரிசையாக அடக்கமாகியிருக்கிறார்கள். நம்மவர் எங்கே புதைந்தார்கள் என்பதற்குப் பெரும்பாலும் அடையாளமே கிடையாது. அவர்களிடம் விஸ்டன் இல்லை, எழுதிவைக்கப் பத்திரிகையும் இல்லை. நம் வீட்டுப் பெரியவர்களோ 'ஜப்பான்காரன் காலத்துல' என்று தொடங்கி, மரவள்ளிக்கிழங்கு தின்ற கதையோடு நிறுத்திக்கொள்வார்கள். கேட்காமல் விட்டது நம் தலைமுறை.

இந்தப் பொன்விழா மலரைப் படிக்கும் அன்பர்கள் வீட்டில் அக்காலத்துக் கடிதமோ, ரேஷன் அட்டையோ, கடைக் கணக்கோ இருந்தால் ஒரு நகலைச் சங்க அலுவலகத்தில் கொடுங்கள். சயாமுக்குப் போய்த் திரும்பாத ஒருவரின் பெயரும் அவர் இருந்த தோட்டமும் மட்டும் தெரிந்தாலும் சரி, ஒரு துண்டுத் தாளில் எழுதிக் கொடுங்கள்.