நிராகரிக்கப்பட்ட ஒப்பந்தப்புள்ளியும் நீதிமன்றமும்

ஒப்பந்தப்புள்ளி நிராகரிக்கப்பட்டவர் அரசுக்கு எதிராக நீதிமன்றம் போவது, குடியரசின் தொடக்க ஆண்டுகளில் பெரும்பாலும் பயனற்ற வேலையாகவே இருந்தது. அரசமைப்பின் 226ஆவது பிரிவு 1950இல் உயர் நீதிமன்றங்களுக்கு நீதிப்பேராணை (ரிட்) அதிகாரத்தைத் தந்தது. ஆனாலும் அரசு யாரிடம் பொருள் வாங்குகிறது என்பது அதன் சொந்த விருப்பம் என்ற பழைய எண்ணம் நீங்கவில்லை. கண்ணூர் அரசு மருத்துவமனைக்குப் பால் வழங்கும் ஒப்பந்தத்தைக் கூட்டுறவுச் சங்கத்திடம் இழந்த அச்சுதனின் வழக்கை, 1959இல் உச்ச நீதிமன்றம் இந்த அடிப்படையில்தான் தள்ளுபடி செய்தது.

அதற்கு முன்பே, 1954இல் குருசாமி வழக்கில் இன்னொரு சிக்கல் வெளிப்பட்டிருந்தது. மைசூர் மாநில மதுக்கடை ஏலத்தில் உயர்ந்த தொகை கேட்டவர் அவர். ஏலத்தில் தொகை எதுவும் கேட்காத ஒருவர் பிறகு கூடுதல் தொகை தருவதாகச் சொல்லி உரிமத்தைப் பெற்றார். அது சட்டவிரோதம் என்று நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. ஆனால் ஒப்பந்தக் காலம் முடிய இரண்டு வாரம்கூட இல்லாததால் நிவாரணம் கொடுக்கவில்லை. நியாயம் இருந்தும் நாள் கடந்துபோவது, இவ்வகை வழக்குகளை இன்றுவரை தொடரும் துயரம்.

1979இல் ரமணா ஷெட்டி வழக்கில் பார்வை மாறியது. பம்பாய் விமான நிலையச் சிற்றுண்டிச் சாலைக்குத் தானே விதித்த தகுதி நிபந்தனையை விமான நிலைய ஆணையம் மீறக் கூடாது என்றார் நீதிபதி பகவதி. அவ்வழக்கிலும் மனுதாரர் தாமதமாக வந்தார் என்பதால் ஒப்பந்தம் ரத்தாகவில்லை. நான்கு பெருநகரங்களின் செல்பேசி உரிமம் பற்றிய 1994ஆம் ஆண்டு டாடா செல்லுலார் தீர்ப்பு நீதிமன்றத் தலையீட்டின் எல்லையை வகுத்தது. அதை எழுதியவர் உடுமலைப்பேட்டையில் பிறந்த நீதிபதி எஸ். மோகன். முடிவு சரியா என்பதை அன்றி, முடிவெடுத்த முறை சரியா என்பதையே நீதிமன்றம் பார்க்கும் என்பது அதன் சாரம்.

தமிழ்நாட்டில் 1998ஆம் ஆண்டின் ஒப்பந்தப்புள்ளி வெளிப்படைத்தன்மைச் சட்டம், நீதிமன்றத்துக்கு முன் ஒரு படியை அமைத்தது: பாதிக்கப்பட்டவர் பத்து நாட்களுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம். விருதுநகர் மாவட்டத்துச் சுந்தரபாண்டியம் பேரூராட்சியில் சாலைப் பணிக்கோ குடிநீர்ப் பணிக்கோ டெண்டர் போடும் சிறு ஒப்பந்ததாரருக்கு இதைவிடப் பெரிய மாற்றம் 2004 ஜூலை 24 அன்று வந்தது. அதுவரை ரிட் மனுவுக்குச் சென்னை வரை போகவேண்டியிருந்தது. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தொடங்கியதும், ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து காலையில் பேருந்து ஏறினால் வழக்கறிஞரைப் பார்த்துவிட்டு அன்றே ஊர் திரும்ப முடிந்தது. நாட்களை எண்ணி நடக்கும் வழக்கில் இந்த அண்மை பெரிய உதவி.

ஆனால் மன்றம் அருகே வந்த அதே காலத்தில் தலையீட்டின் அளவு குறைந்தது. முடிவில் கெட்ட நோக்கமோ தன்னிச்சையோ இருந்ததா, பொதுநலன் பாதிக்கப்பட்டதா என்ற இரு கேள்விகளை 2006இல் ஜகதீஷ் மண்டல் தீர்ப்பு முன்வைத்தது. தமிழ்நாட்டு மதுப்புட்டிகளின் ஹோலோகிராம் முத்திரை டெண்டரை எதிர்த்த வழக்கில், தனி நீதிபதி தள்ளுபடி செய்ததை உயர் நீதிமன்ற அமர்வு மாற்றியது. 2021இல் உச்ச நீதிமன்றம் தனி நீதிபதியின் தீர்ப்பையே நிலைநிறுத்தியது. 2022இல் என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில், கட்டுமானப் பணிகளுக்குத் தடை விதிப்பதைத் தவிர்த்து, மனுதாரரை இழப்பீடு கோரும் வழிக்கு அனுப்புமாறு அது அறிவுறுத்தியது.

இழப்பீட்டு வழக்குப் போடுவதென்றால், விருதுநகர் மாவட்டத்தின் முதன்மை மாவட்ட நீதிமன்றம் ஸ்ரீவில்லிபுத்தூரில்தான் இருக்கிறது. ஆனால் கிடைக்காத வேலையில் எவ்வளவு லாபம் வந்திருக்கும் என்பதை உரிமையியல் வழக்கில் சாட்சியோடும் கணக்கோடும் நிறுவ வேண்டும். அதற்கு ஆண்டுகள் ஆகும்.