250உம் 229உம்: மருத்துவ பீட வாசலில் எமது மாணவிகள்

எமது கல்லூரி மண்டபச் சுவரில் மருத்துவ பீடம் புகுந்த மாணவிகளின் பெயர்ப்பலகை தொங்குவதைப் பழைய மாணவிகள் மறந்திருக்கமாட்டீர்கள். நூற்றாண்டு விழாவுக்காக அதற்கு மீண்டும் வர்ணம் பூசியபோது அருகில் நின்று வாசித்தோம். எழுபதுகளின் நடுப்பகுதியில் பெயர்கள் திடீரென ஐதாகிவிடுகின்றன. அந்த வருடங்களில் பிள்ளைகள் படிக்கவில்லையா? படித்தார்கள். ஏன் பெயர்கள் இல்லை என்பதை இளைய தலைமுறைக்குச் சொல்லவே இதை எழுதுகிறோம்.

1870இல் தொடங்கிய கொழும்பு மருத்துவக் கல்லூரி பெண்களுக்குக் கதவைத் திறந்தது 1892இல். 1962இல் பேராதனையில் இரண்டாவது பீடம் வந்தது. இந்த இரண்டு பீடங்களுக்கும் அறுபதுகளின் இறுதிவரை தெரிவு நடந்தது உயர்தரப் பரீட்சைப் புள்ளிகளின்படி. பௌதிகம், இரசாயனம், தாவரவியல், விலங்கியல் என நான்கு பாடங்கள். மொத்தம் 400 புள்ளிகள். கூட எடுத்தவருக்கு இடம்.

1970இல் இது மாறியது. தமிழ்மொழி மூல மாணவர் மருத்துவ பீடம் செல்ல 250 புள்ளிகள் வேண்டும். சிங்களமொழி மூல மாணவருக்கு 229 போதும். 1973இல் தரப்படுத்தல் என்ற பெயரில் மொழிமூலத்துக்கேற்பப் புள்ளிகள் மாற்றிக் கணிக்கப்பட்டன. ஒவ்வொரு மொழியிலும் பரீட்சைக்குத் தோற்றியோரின் தொகைக்கு ஏற்ற விகிதத்தில் தெரிவும் அமைய வேண்டும் என்பதே அதன் நோக்கம். 1974இல் சனத்தொகைப்படி மாவட்டக் கோட்டாவும் அதனுடன் சேர்ந்தது. விஞ்ஞானத் துறைகளுக்குத் தெரிவான தமிழ் மாணவரின் பங்கு 1970இல் 35.3 வீதமாக இருந்து 1975இல் 19 வீதமாகியது.

எங்களுக்கு விலங்கியல் கற்பித்த ரீச்சர் 1970இல் பரீட்சை எழுதியவர். ஒருநாள் ஆய்வுகூடத்தில் கரப்பான் வெட்டிக்கொண்டிருந்தபோது தற்செயலாகச் சொன்னார்: “பிள்ளையள், நான் எடுத்தது 242. 229ஐ விடக் கூட, 250ஐ விடக் குறைய. அந்த இடைவெளிக்குள்ளதான் இவ்வளவு காலமும் நிண்டு படிப்பிக்கிறன்.” அவர் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நாங்கள் சிரிக்கவில்லை. அவர் கற்பித்த எத்தனையோ பேர் இன்று வைத்தியர்கள்.

அந்த ஆண்டுகளில் இரண்டு வேறுபட்ட விடயங்கள் ஒன்றாக முடிச்சுப் போடப்பட்டன என்பதை நாம் பின்னரே விளங்கிக்கொண்டோம். ஒன்று மொழியைப் பார்த்து வெட்டுப்புள்ளியை உயர்த்தியது. ஒரு பிள்ளை எந்த மொழியில் படித்தாள் என்பதற்காக அவளிடம் 21 புள்ளிகள் கூடக் கேட்பதற்கு எந்த நியாயமும் இல்லை. மற்றையது மாவட்டத்தைப் பார்த்தது. ஆய்வுகூடமோ விஞ்ஞான ஆசிரியரோ இல்லாத ஊர்ப் பிள்ளையையும், எல்லாம் இருந்த எங்களைப் போன்ற கல்லூரிப் பிள்ளையையும் ஒரே அளவுகோலால் அளக்கலாமா என்பது நியாயமான கேள்வி. மாவட்டக் கோட்டாவால் அதிகம் இழந்தவை யாழ்ப்பாணமும் கொழும்பும். வன்னி, மன்னார், மட்டக்களப்பு ஆகிய இடங்களின் தமிழ்ப் பிள்ளைகளுக்கு அது கதவாகவும் இருந்தது. யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு நாம் இதை உரக்கச் சொல்வது குறைவு.

1977இல் ஆட்சி மாறியபின் மொழிவாரித் தரப்படுத்தல் கைவிடப்பட்டது. 1978இல் யாழ்ப்பாணத்தில் மருத்துவ பீடம் தொடங்கியது. 1979இல் 30 வீதம் அகில இலங்கைத் திறமை, 55 வீதம் சனத்தொகைப்படி மாவட்டங்கள், 15 வீதம் பின்தங்கிய மாவட்டங்கள் என்ற ஏற்பாடு வந்தது. இன்று அது 40, 55, 5 என உள்ளது. 2001 முதல் வெறும் புள்ளிக்குப் பதிலாக இசட் புள்ளி.

எமது வகுப்பு இசட் புள்ளியின் ஆரம்ப காலத்தில் எழுதியது. 1995 இடப்பெயர்வில் புத்தகங்களை விட்டுவிட்டு நடந்தவர்கள் நாங்கள். திரும்பி வந்து, ஏ9 வீதி மூடியிருந்த காலத்தில், ஜாம் போத்தல் விளக்கில் படித்தோம். எங்களில் மருத்துவ பீடம் சென்றோரில் பலர் போனது மாவட்ட ஒதுக்கீட்டில்தான். எங்கள் ரீச்சரின் தலைமுறைக்கு வாசலை அடைத்த அதே கோட்டா, போருக்குள் படித்த எங்களுக்கு வாசலைத் திறந்தது. இன்று பின்தங்கியவை எனக் கொள்ளப்படும் 16 மாவட்டங்களின் பட்டியலில் யாழ்ப்பாணமும் இருக்கிறது.

இடப்பெயர்வில் வன்னியிலேயே தங்கிவிட்ட எங்கள் தோழி ஒருத்தி கிளிநொச்சி மாவட்டத்தில் பரீட்சை எழுதித் தெரிவானாள். அவளைவிடக் கூடிய இசட் புள்ளி எடுத்தும் எங்கள் வகுப்பில் இடம் கிடைக்காத ஒருத்தி இப்போது தூர தேசத்தில் இதை வாசித்துக்கொண்டிருப்பாள். இருவரும் எங்கள் நெருங்கிய தோழிகளே. மரத்தடியில் படித்தவளிடம் அந்த இடத்தைப் பறித்திருக்க வேண்டும் என்று எங்களால் சொல்ல முடியாது. தசமதானத்தில் தவறியவளிடம் ‘எல்லாம் நியாயமே’ என்று சொல்லவும் வாய் வருவதில்லை.

வைத்தியர்களாக ஒன்றைச் சொல்லலாம். ஒதுக்கீடு வாசலோடு முடிந்துவிடுகிறது. உடற்கூற்றியல் பரீட்சையிலோ இறுதிப் பரீட்சையிலோ மாவட்டம் இல்லை; எல்லோரும் ஒரே தராசில் ஏறியே வெளியே வருகிறோம். வன்னித் தோழி இன்று அந்த மண்ணிலேயே ஒரு வைத்தியசாலையில் கடமையாற்றுகிறாள்.

ஆனால் கோட்டா மட்டும் ஆய்வுகூடம் கட்டித் தராது. நுவரெலியா மாவட்டத்தின் இடங்கள் மொத்தச் சனத்தொகையை வைத்தே கணிக்கப்படுகின்றன. அச்சனத்தொகையில் பாதிக்கு மேல் தமிழர், பெரும்பாலும் தோட்ட மக்கள். உயர்தர விஞ்ஞான வகுப்பே இல்லாத தோட்டப் பாடசாலையில் படிக்கும் பிள்ளை அந்தக் கணக்கில் ஓர் எண்ணிக்கை மட்டுமே. தன் பெயரால் வந்த இடத்துக்கு அவளால் விண்ணப்பிக்கவும் முடிவதில்லை. விஞ்ஞான ஆசிரியர் போகாத இடத்துக்கு ஒதுக்கீடும் போய்ச் சேராது.

ஆகவே இந்த நூற்றாண்டில் சங்கத்திடம் இரண்டு வேண்டுகோள்கள். முதலாவது, எமது புலமைப்பரிசில் நிதியில் ஒரு பங்கை எமது கல்லூரிக்கு வெளியே, விஞ்ஞான ஆசிரியர் இல்லாத பாடசாலைகளுக்குக் கொடுப்போம். இரண்டாவது, மண்டபத்துப் பலகைக்கு அருகே இன்னொரு பலகை வைப்போம். 1970 முதல் 1977 வரை போதிய புள்ளி எடுத்தும் இடம் மறுக்கப்பட்ட மாணவிகளின் பெயர்கள் அதில் இருக்கட்டும். அந்த அக்காமார் இன்று எழுபதைத் தாண்டியும் தாண்டிக்கொண்டும் இருக்கிறார்கள். கொழும்பிலோ, லண்டனிலோ, ரொறன்ரோவிலோ, சிட்னியிலோ எங்கிருந்தாலும், உங்கள் பெயரையும் பரீட்சை எழுதிய ஆண்டையும் சங்கச் செயலாளருக்கு எழுதி அனுப்புங்கள். முதலாவது பெயர் எங்களிடம் இருக்கிறது. அது எங்கள் விலங்கியல் ரீச்சருடையது.