கோட்டை தந்த குலப்பெயர்: விண்ட்சர் மாளிகையும் ஜெர்மானியப் பிரபு மரபும்

லண்டனுக்கு மேற்கே, தேம்ஸ் ஆற்றின் தென்கரையில், சுண்ணாம்புப் பாறைக் குன்று ஒன்றின் மேல் விண்ட்சர் கோட்டை நிற்கிறது. நார்மண்டியிலிருந்து வந்து இங்கிலாந்தை வென்ற வில்லியம் 1070-ஐ ஒட்டி அதைக் கட்டத் தொடங்கினார். முதலாம் ஹென்றி மன்னரின் காலம் தொட்டு அது அரச இல்லமாக இருந்து வருகிறது. 1917 ஜூலை 17 அன்று ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் ஓர் அறிவிக்கை வெளியிட்டு, தம் குலமும் குடும்பமும் இனி விண்ட்சர் என்ற பெயரால் வழங்கும் என்று அறிவித்தார். அதுவரை அந்தக் குலம் சாக்ஸ-கோபர்க்-கோத்தா என்ற ஜெர்மானியப் பெயரைத் தாங்கியிருந்தது. ஜெர்மனியோடு போர் நடந்துகொண்டிருந்த காலத்தில் அரச குடும்பம் தன் ஜெர்மானிய அடையாளத்தை உதறிவிட்டு ஆங்கிலேய அடையாளத்தைப் பூண்டது என்பதே இந்நிகழ்ச்சிக்கு வழக்கமாகத் தரப்படும் விளக்கம். அந்த விளக்கம் தவறில்லை. ஆனால் அது பாதிதான். உதறப்பட்ட பெயர் எப்படிப் பிறந்தது, பூண்ட பெயர் எப்படிப் பிறந்தது என்று இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வேறோர் உண்மை புலப்படும். ஜெர்மானியப் பெயரை நீக்கிய அந்தச் செயலே, ஜெர்மானியப் பிரபுக்கள் பல நூற்றாண்டுகளாகத் தங்களுக்குப் பெயர் சூட்டிக்கொண்ட முறையில்தான் நடந்தது. அரச குலப்பெயர் குருதியின் பதிவன்று, மண்ணோடு ஒரு குடும்பம் கோரும் உறவின் பதிவு என்பதே இக்கட்டுரை நிறுவ முயலும் கருத்து.

முதலில் கைவிடப்பட்ட பெயரை எடுத்துக்கொள்வோம். சாக்ஸ-கோபர்க்-கோத்தா என்பது தொன்று தொட்டு வந்த பெயர் போல ஒலிக்கிறது. உண்மையில் அது 1826-இல்தான் உருவானது. ஜெர்மனியின் துரிங்கியப் பகுதியில் சாக்சன் பிரபுக்களின் சிறு சிறு நாடுகள் வாரிசுப் பங்கீட்டில் பிரிவதும் சேர்வதுமாக இருந்தன. அந்த ஆண்டு நடந்த மறுபங்கீட்டில் முதலாம் எர்ன்ஸ்ட் என்ற கோமகன் சால்ஃபெல்ட் பகுதியை விட்டுக்கொடுத்துக் கோத்தாவைப் பெற்றார். பெயரும் அதற்கேற்ப மாறியது. விக்டோரியா அரசியை மணந்த இளவரசர் ஆல்பர்ட் இந்த எர்ன்ஸ்ட்டின் மகன். 1819-இல் ஆல்பர்ட் பிறந்தபோது அவருடைய தந்தையின் நாடு சாக்ஸ-கோபர்க்-சால்ஃபெல்ட். ஆக, ஆல்பர்ட் ஒரு பெயரில் பிறந்து, ஏழாம் வயதில் இன்னொரு பெயருக்கு மாறியவர். 1917-இல் பிரிட்டனின் அரச குலம் களைந்த பெயருக்கு அப்போது வயது 91 மட்டுமே. இது நாட்டின் பெயர். குடும்பத்தின் பெயர் எது? அந்தக் கேள்வி 1917-இல் அரண்மனையிலேயே எழுந்தது. மரபுச் சின்னங்களைக் காக்கும் அலுவலர்களிடம் கேட்டபோது உறுதியான விடை கிடைக்கவில்லை. வெட்டின் ஆக இருக்கலாம், விப்பர் ஆகவும் இருக்கலாம் என்றுதான் சொல்ல முடிந்தது. நாட்டையே ஆளும் மன்னருக்குத் தம் குடும்பப் பெயர் இன்னதென்று அறுதியிட்டுச் சொல்ல ஆளில்லை. அரச குலங்களுக்குப் பெயர் என்பது எவ்வளவு நெகிழ்வான ஒன்று என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

அந்த அலுவலர்கள் சொன்ன வெட்டின் என்பதும் ஒரு கோட்டையின் பெயர்தான். சாலே ஆற்றங்கரையில் இருந்த அந்தக் கோட்டையிலிருந்தே சாக்சன் ஆட்சியாளர்களின் மூலக் குடும்பம் பெயர் பெற்றது. இது தனி நிகழ்ச்சி அன்று. பதினோராம் நூற்றாண்டுக்கு முன் ஜெர்மானியப் பிரபுக்கள் பெரும்பாலும் ஒற்றைப் பெயரால் மட்டுமே அறியப்பட்டார்கள். கல்லால் கட்டிய கோட்டை தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்கும் நிலையான இருப்பிடம் ஆனபோது, அந்தக் கோட்டையின் பெயரே குடும்பத்தை அடையாளம் காட்டத் தொடங்கியது. ஜெர்மன் வரலாற்றாசிரியர் கார்ல் ஷ்மிட் கடந்த நூற்றாண்டில் இந்த மாற்றத்தை விரிவாக ஆராய்ந்தார். குடும்பம் கோட்டையைக் கட்டியது என்பதோடு, கோட்டையே குடும்பத்தை ஒரு குலமாகத் திரட்டியது என்ற பார்வைக்கு அவருடைய ஆய்வே வழிவகுத்தது. இன்றைய சுவிட்சர்லாந்தின் ஆர்காவ் பகுதியில் உள்ள ஹாப்ஸ்பர்க் கோட்டை ஹாப்ஸ்பர்க் பேரரசர்களுக்குப் பெயர் தந்தது. ஸ்வாபியக் குன்றொன்றின் மேலிருந்த சொல்லர்ன் கோட்டை, பிரஷ்ய மன்னர்களான ஹோயன்சொல்லர்ன் குலத்துக்குப் பெயர் தந்தது. கவனிக்க வேண்டியது இன்னொன்று. ஹாப்ஸ்பர்க் கோட்டையை அந்தக் குலம் 1415-இல் பெர்ன் நகரத்தாரிடம் இழந்துவிட்டது. அதன் பின்னும் ஐந்நூறு ஆண்டுகள், வியன்னாவில் இருந்துகொண்டு, கையில் இல்லாத ஒரு கோட்டையின் பெயராலேயே அது ஆண்டது.

இனி விண்ட்சருக்கு வருவோம். கோட்டையைவிடப் பெயர் பழையது. பழைய ஆங்கிலத்தில் 'விண்ட்லெசோரா' என்று வழங்கிய இந்த ஊர்ப்பெயருக்கு, பாரம் இழுக்கும் சுழல் உருளை உள்ள ஆற்றங்கரை என்று பொருள் காண்கிறார்கள். படகுகளையோ சரக்கையோ கரையேற்ற அங்கே ஓர் உருளைப்பொறி இருந்திருக்க வேண்டும். அந்தப் பெயருக்குரிய இடம் இன்றைய கோட்டை இருக்கும் இடமன்று. ஆற்றின் போக்கில் சில கிலோமீட்டர் கீழே உள்ள, இன்று பழைய விண்ட்சர் எனப்படும் ஊர். நார்மானியருக்கு முன்பே அங்கே ஆங்கிலோ-சாக்சன் அரசர்களின் மாளிகை இருந்தது. வில்லியம் தம் கோட்டைக்குத் தேர்ந்த குன்றோ கிளூவர் என்ற வேறோர் ஊருக்குச் சொந்தமான நிலம். 1086-இல் எடுக்கப்பட்ட டூம்ஸ்டே நிலப்பதிவேட்டில் கிளூவர் ஊர்க் கணக்கைப் பார்த்தால் இது விளங்கும். முன்பு ஐந்து 'ஹைடு' நிலத்துக்கு வரி விதிக்கப்பட்ட ஊருக்கு இப்போது நாலரைக்குத்தான் வரி; மீதி அரை ஹைடில் விண்ட்சர் கோட்டை இருக்கிறது என்கிறது பதிவு. கிளூவர் மண்ணில் எழுந்த கோட்டை கிளூவர் என்று பெயர் பெறவில்லை. பக்கத்து ஊரில் அரசர் தங்கிய மாளிகையின் பெருமையோடு சேர்ந்த பெயரையே ஏற்றது. முதலாம் ஹென்றி 1110-இல் தம் அவையைப் புதிய கோட்டையில் கூட்டியபோது பெயரும் அதிகாரமும் சேர்ந்து இடம் மாறின. ஆக, விண்ட்சர் என்ற பெயர் மனிதக் குடும்பத்துக்குச் சூட்டப்படுவதற்கு எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்பே, ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குச் சூட்டப்பட்ட பெயராகிவிட்டது.

அந்தக் கோட்டையை இன்று நாம் காணும் மாளிகையாக ஆக்கியதில் ஜெர்மானிய வழிவந்த அரச குடும்பத்துக்குப் பெரும் பங்கு உண்டு. 1714-இல் ஹனோவர் ஆட்சியாளர் முதலாம் ஜார்ஜ் என்ற பெயரில் பிரிட்டிஷ் அரியணை ஏறினார். அவரும் அவர் மகனும் விண்ட்சரை அதிகம் நாடவில்லை. ஆனால் பேரனின் மகனான மூன்றாம் ஜார்ஜ் அதைத் தம் குடும்பத்தின் இல்லமாகவே ஆக்கிக்கொண்டார். அவருடைய மனைவி சார்லட், மெக்லென்பர்க்-ஸ்ட்ரெலிட்ஸ் என்ற சிறு ஜெர்மன் நாட்டிலிருந்து வந்தவர். 1800-இல் அவர் விண்ட்சரில் ஒரு யூ மரத்தை மெழுகுவத்திகளாலும் இனிப்புகளாலும் அலங்கரித்துக் குழந்தைகளுக்குக் கிறிஸ்துமஸ் விருந்து வைத்தார். நான்காம் ஜார்ஜ் 1820-களில் கோட்டையை ஏறத்தாழப் புதுப்பித்தே கட்டினார். வட்டக் கோபுரம் சுமார் 9 மீட்டர் உயர்த்தப்பட்டது அப்போதுதான். தொலைவிலிருந்து பார்ப்பவர் மனத்தில் பதியும் விண்ட்சரின் தோற்றம் அந்த உயரத்தால் வந்தது. பணியை நடத்திய கட்டடக் கலைஞர் ஜெஃப்ரி வயட், 1824-இல் மன்னரின் இசைவோடு தம் பெயரை வயட்வில் என்று மாற்றிக்கொண்டார் என்பதையும் பெயராய்வில் ஆர்வமுள்ளோர் குறித்துக்கொள்ளலாம். அவர் அமைத்த வாட்டர்லூ கூடத்தில் நெப்போலியனை வென்றவர்களின் உருவப்படங்கள் மாட்டப்பட்டன. பிரஷ்யத் தளபதி ப்ளூஹரின் படமும் அவற்றில் ஒன்று. பின்னர் ஆல்பர்ட் இங்கேயே வாழ்ந்து 1861 டிசம்பர் 14-இல் இங்கேயே இறந்தார். அவருக்காகக் கோட்டைப் பூங்காவின் ஃபிராக்மோரில் எழுந்த நினைவு மண்டபத்தின் வடிவமைப்பில் டிரெஸ்டன் நகரக் கலைஞர் லுட்விக் குரூனருக்கு முதன்மையான பங்கு உண்டு. எனவே 1917-இல் இந்தக் குடும்பம் தொடர்பற்ற ஓர் ஆங்கிலேயக் கோட்டையின் பெயரைக் கடன் வாங்கியது என்று சொல்ல இயலாது. தான் நான்கு தலைமுறையாக வாழ்ந்து, கட்டி, புதைந்த இடத்தின் பெயரையே எடுத்துக்கொண்டது.

இதற்கு முதல் மறுப்பு எளிதில் ஊகிக்கத்தக்கது. இது போர்க்கால அரசியல்; இதில் மரபைத் தேடுவது வீண் என்பார்கள். போரின் அழுத்தம் கடுமையாக இருந்தது உண்மை. கடற்படைத் தலைமையில் இருந்த பேட்டன்பர்க் இளவரசர் லூயி, ஜெர்மானியப் பிறப்பின் காரணமாகவே 1914 அக்டோபரில் பதவி விலக நேர்ந்தது. 1917 ஜூன் 13 அன்று ஜெர்மன் விமானங்கள் லண்டனில் குண்டு வீசியதில் 162 பேர் மாண்டனர். அவர்களில் 18 பேர் பாப்ளர் பகுதிப் பள்ளி ஒன்றின் குழந்தைகள். அந்த விமானங்களின் பெயர் கோத்தா. மன்னரின் குலப்பெயரும் கொன்ற விமானத்தின் பெயரும் ஒரே நகரிலிருந்து வந்தவை என்ற நிலையை எந்த அரசும் நீட்டிக்க முடியாது. ஐந்து வாரத்தில் அறிவிக்கை வந்ததில் வியப்பில்லை. ஆனால் போர், பெயர் ஏன் மாற வேண்டும் என்பதையும் எப்போது மாறியது என்பதையும் விளக்குகிறதே தவிர, ஏன் இந்தப் பெயர் என்பதை விளக்கவில்லை. பிளாண்டாஜினெட், யார்க், லங்காஸ்டர், ஃபிட்ஸ்ராய், டியூடர்-ஸ்டூவர்ட் எனப் பல பெயர்கள் ஆராயப்பட்டன. ஆங்கிலேயத் தன்மையை மட்டும் நாடியிருந்தால் இவற்றில் எதுவும் போதும். மன்னரின் செயலர் ஸ்டாம்ஃபர்டாம் பிரபு முன்வைத்தது விண்ட்சர். அங்கே 1312-இல் பிறந்த மூன்றாம் எட்வர்டுக்கு விண்ட்சர் எட்வர்டு என்ற பெயர் வழங்கியது அதற்குத் துணைச் சான்றாக அமைந்தது. இறந்துபோன வேறொரு குலத்தின் பெயரை எடுப்பதைவிட, குடியிருக்கும் கோட்டையின் பெயரை எடுப்பதே இயல்பானதாகத் தோன்றியது. அந்த இயல்புணர்வு எங்கிருந்து வந்தது என்பதே நம் கேள்வி.

இரண்டாவது மறுப்பு வலுவானது. இடப்பெயரைக் குலப்பெயராக்குவது ஜெர்மானியருக்கு மட்டும் உரியதா? லங்காஸ்டரும் யார்க்கும் ஆங்கில ஊர்கள்தாமே? மேற்கு ஐரோப்பாவில் இந்த வழக்கம் பரவலாக இருந்தது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஜெர்மனியிலேயே வெல்ஃப் குலம், ஹனோவர் மன்னர்களின் மூலக் குடும்பம், ஆட்பெயரால் வழங்கியது என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. ஆனால் இங்கிலாந்தின் அரியணையில் அமர்ந்த குலங்களை வரிசையாக எடுத்துப் பாருங்கள். பிளாண்டாஜினெட் என்பது மஞ்சள் பூப் பூக்கும் ஒரு புதர்ச்செடியிலிருந்து வந்த பட்டப்பெயர். டியூடர் என்பது வேல்ஸ் நாட்டு ஆட்பெயர். ஸ்டூவர்ட் என்பது ஸ்காட்லாந்தின் அரண்மனை மேலாளர் பதவியின் பெயர். லங்காஸ்டரும் யார்க்கும் கோமகன் பட்டங்களின் பெயர்கள். யார்க் மன்னர்கள் யார்க்கில் வாழ்ந்ததால் வந்தவை அல்ல. தாம் குடியிருந்த கோட்டையின் பெயரையே குலப்பெயராகக் கொண்ட அரச குலம் விண்ட்சருக்கு முன் இங்கிலாந்தில் இல்லை. ஜெர்மானிய உயர்குடியில் அதுவே பெருவழக்கு. ஜார்ஜ் மன்னரும் அவருடைய ஆலோசகர்களும் ஜெர்மானிய மரபைப் பின்பற்ற வேண்டும் என்று எண்ணிச் செய்தார்கள் என்பது என் வாதமன்று. ஓர் அரச குடும்பம் எப்படிப் பெயர் பெறும் என்பது குறித்து அவர்களுக்கு இயல்பாகத் தோன்றிய வடிவம் அந்த மரபின் வடிவமாக இருந்தது என்பதே என் வாதம்.

அந்த ஆண்டே பெயர் மாற்றிய உறவினரின் கதை இதை உறுதிப்படுத்துகிறது. பேட்டன்பர்க் என்பது ஹெஸ் நாட்டுச் சிற்றூர். அந்த ஊரின் பெயரால் வழங்கிய பழைய பிரபுக் குடும்பம் இடைக்காலத்திலேயே அற்றுப்போனது. 1851-இல் ஹெஸ் இளவரசர் அலெக்சாண்டர் தம் தகுதிக்குக் குறைந்தவராகக் கருதப்பட்ட யூலியா ஹௌக்கே என்ற பெண்ணை மணந்தபோது, அவருக்கும் பிள்ளைகளுக்கும் கொடுக்க ஒரு பட்டம் தேவைப்பட்டது. உரியவர் இல்லாமல் கிடந்த பேட்டன்பர்க் பெயர் எடுத்துச் சூட்டப்பட்டது. அந்த மகன்களுள் ஒருவரே கடற்படைத் தலைவர் லூயி. 1917-இல் அவர் 'பெர்க்' என்ற ஜெர்மன் சொல்லுக்கு மாற்றாக 'மவுண்ட்' என்ற ஆங்கிலச் சொல்லை முன்னே வைத்து மவுண்ட்பேட்டன் ஆனார். இந்தியாவின் கடைசி வைஸ்ராயாக 1947-இல் டெல்லிக்கு வந்தவர் அவருடைய மகன். நம் விடுதலை வரலாற்றின் ஒவ்வொரு பாடநூலிலும் இடம்பெறும் அந்தப் பெயர் மலைப்பெயரும் ஊர்ப்பெயருமாகச் சேர்ந்த ஒரு ஜெர்மன் பட்டத்தின் மொழிமாற்றம்.

மூன்றாவது மறுப்பு அறம் சார்ந்தது. எந்த மரபில் நடந்தால் என்ன, பெயர் மாற்றம் வரலாற்றை மறைக்கத்தானே என்று கேட்கலாம். மறைக்கும் நோக்கம் இருந்தது, மறைப்பு நிறைவேறவில்லை. சான்று அதே கோட்டைக்குள் இருக்கிறது. மூன்றாம் எட்வர்டு 1348-இல் நிறுவிய கார்ட்டர் வீரர் குழுவின் கோயில் அங்குள்ள புனித ஜார்ஜ் தேவாலயம். குழுவின் ஒவ்வோர் உறுப்பினருக்கும் அங்கே ஓர் இருக்கை; இருக்கைக்கு மேல் அவர் கொடி; இருக்கையின் பின்பலகையில் அவர் பெயரும் சின்னமும் பொறித்த உலோகத் தகடு. ஜெர்மன் கைசர் இரண்டாம் வில்ஹெல்ம், ஆஸ்திரியப் பேரரசர் ஃபிரான்ஸ் ஜோசப் உள்ளிட்ட எட்டு எதிரி நாட்டு உறுப்பினர்கள் 1915 மே மாதம் நீக்கப்பட்டபோது அவர்களுடைய கொடிகள் இறக்கப்பட்டன. தகடுகளையும் பெயர்த்தெடுக்க வேண்டும் என்று கோரிக்கை எழுந்தது. ஐந்தாம் ஜார்ஜ் இணங்கவில்லை. அவை வரலாற்றுப் பதிவுகள் என்பது அவர் நிலைப்பாடு. இரண்டு ஆண்டு கழித்துத் தம் குலப்பெயரை மாற்றியவரும் அதே மன்னர்தாம். ஒரு பெயர் இனி எதைக் குறிக்க வேண்டும் என்று முடிவு செய்வது ஆள்வோரின் உரிமை; அது முன்பு எதைக் குறித்தது என்ற பதிவை அழிப்பது அவர்கள் உரிமையன்று என்ற வேறுபாட்டை அவர் உணர்ந்திருந்தார் என்றே அந்த முடிவு காட்டுகிறது. பெயர் மாற்றத்தை நாடும் எல்லாக் காலத்து அரசுகளும் கற்க வேண்டிய நெறி அது.

இரண்டாம் எலிசபெத் 1952-இல் குலப்பெயர் விண்ட்சராகவே தொடரும் என்று உறுதி செய்தார். 1960-இல் இளவரசப் பட்டம் இல்லாத தம் வழித்தோன்றல்களுக்கு மவுண்ட்பேட்டன்-விண்ட்சர் என்ற இணைப்பெயரை வழங்கினார். ஹெஸ் நாட்டு ஊரும் தேம்ஸ் கரை ஊரும் ஒரு பெயருக்குள் அடுத்தடுத்து அமர்ந்தன. இதைக் கொண்டு குருதியைக் கணக்கிடப் புறப்படுவோர் ஏமாறுவார்கள். அந்தக் குடும்பம் எந்த மண்ணை எப்போது தன்னுடையதென்று கருதியது, யார் அதை ஏற்றார்கள் என்று கேட்பவருக்கு அந்தப் பெயர் தெளிவாக விடை சொல்லும். அரச குலப்பெயர்களை ஆராய்வோர் சொல்லின் வேரோடு நின்றுவிடாமல், பெயர் சூட்டப்பட்ட ஆண்டையும், சூட்டியவர் கையில் இருந்த நிலத்தையும், அந்நிலத்தின் பழைய கணக்கேட்டையும் சேர்த்தே படிக்க வேண்டும். அப்படிப் படித்தால் கோபர்க்கும் பேட்டன்பர்க்கும் விண்ட்சரும் பகைநாட்டுப் பெயர்களாகத் தோன்றாமல், ஒரே பெயரிடும் மரபின் மூன்று பிள்ளைகளாகத் தோன்றும்.