புத்தகத்திலிருந்து மேடைக்கு: யார் இந்த மோரிஸ் செண்டாக்?

ஓநாய் உடை போட்ட மேக்ஸ் என்ற குட்டிப் பையன். சேட்டை செய்ததால் இரவுச் சாப்பாடு கிடையாது என்று அம்மா அறைக்கு அனுப்பிவிடுகிறார். அங்கிருந்து படகேறிப் பூதங்களின் தீவுக்குப் போகிறான். 'வேர் த வைல்ட் திங்ஸ் ஆர்' புத்தகத்தைச் சின்ன வயதில் நூலகத்தில் நீங்களும் புரட்டியிருக்கலாம். அதை எழுதி வரைந்தவர் அமெரிக்கரான மோரிஸ் செண்டாக். அவர் மேடை வடிவமைப்பாளரும்கூட என்பது பலருக்குத் தெரியாது.

கடை ஜன்னலில் தொடக்கம்

1928இல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தார். போலந்திலிருந்து குடியேறிய யூதக் குடும்பம், அப்பா தையல்காரர். அடிக்கடி நோய்வாய்ப்பட்டதால் வீட்டில் படுத்தபடி படம் வரைவதே பொழுதுபோக்கு. 20 வயதில், எஃப்ஏஓ ஷ்வார்ஸ் பொம்மைக் கடையில் ஜன்னல் அலங்கார வேலை கிடைத்தது. யோசித்தால் அதுவும் ஒரு குட்டி மேடைதானே! அந்தக் கடை மூலமாகத்தான் பதிப்பாசிரியர் அர்சுலா நார்ட்ஸ்ட்ராமின் அறிமுகமும் கிடைத்தது.

பூதங்கள் யார் தெரியுமா?

ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வரும் சொந்தக்காரர்கள்தான்! கன்னத்தைக் கிள்ளி, "உன்னை அப்படியே சாப்பிட்டுடலாம் போல இருக்கே" என்று கொஞ்சுபவர்கள். (நம்ம வீட்டிலும் இருக்கிறார்கள்.)

1963இல் வெளிவந்த அந்தப் புத்தகத்தில் மொத்தமே 338 சொற்கள். பிள்ளைகள் பயந்துவிடுவார்கள் என்று சில பெரியவர்கள் குறை சொன்னார்கள். பிள்ளைகளுக்குப் பயமும் கோபமும் ஏற்கெனவே தெரியும், அதை மறைப்பதில் அர்த்தமில்லை என்பது செண்டாக்கின் கருத்து. 1964இல் கால்டிகாட் பதக்கம் வென்றது.

மறுபடி கையில் கிடைத்தால் ஒன்றைக் கவனியுங்கள். முதல் பக்கத்தில் படம் சின்னதாக, சுற்றிலும் வெள்ளை ஓரத்தோடு இருக்கும். அறை காடாக மாற மாற, படம் பெரிதாகும். பூதங்கள் ஆட்டம் போடும்போது சொற்களே இல்லை, இரண்டு பக்கமும் படம்தான். மேடையில் திரை விலகுவதைப் போலவே இருக்கும்.

50ஐத் தாண்டி மேடை

இயக்குநர் ஃபிராங்க் கோர்சாரோ அழைக்க, 1980இல் ஹியூஸ்டனில் மோட்சார்ட்டின் 'மேஜிக் ஃபுளூட்' ஆப்பராவுக்கு அரங்கமும் உடைகளும் வடிவமைத்தார். மோட்சார்ட் என்றால் அவருக்கு உயிர். அதே ஆண்டு மேக்ஸின் கதையும் பிரஸ்ஸல்ஸில் ஆப்பராவாக அரங்கேறியது. இசை ஆலிவர் நசென், பாடல் வரிகள் செண்டாக்.

சியாட்டில் பாலே குழு 'நட்கிராக்கர்' செய்யக் கூப்பிட்டபோது, முதலில் மறுத்துவிட்டார். வழக்கமான இனிப்புக் கதையில் அவருக்கு ஆர்வமில்லை. ஹாஃப்மனின் இருண்ட மூலக்கதைக்கே திரும்பிப் போகலாம் என்றான பிறகே சம்மதித்தார். 1983இல் தொடங்கிய அந்தத் தயாரிப்பு 2014 வரை மேடையேறியது.

புருண்டிபார்

எல்லாவற்றையும்விட கனமான வேலை இதுதான். ஹான்ஸ் கிராசா இசையமைத்த இந்தச் சிறுவர் ஆப்பராவை, நாஜிகளின் தெரேசின் முகாமில் அடைக்கப்பட்ட யூதப் பிள்ளைகள் 55 முறை நடித்தார்கள். அவர்களில் பெரும்பாலோரும் கிராசாவும் பின்னர் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டனர். செண்டாக்கின் சொந்தங்கள் பலரும் போலந்தில் அதே படுகொலைக்குப் பலியானவர்கள். 2003இல் நாடகாசிரியர் டோனி குஷ்னருடன் சேர்ந்து இதை மேடையேற்றினார், புத்தகமாகவும் வரைந்தார். பிள்ளைகள் ஒன்றுசேர்ந்து கொடுமைக்காரனை விரட்டுகிறார்கள். ஆனால் திரும்பி வருவேன் என்று அவன் எழுதி வைத்துவிட்டுப் போகிறான்.

செண்டாக் 2012இல், 83 வயதில் காலமானார். தன் மேடை ஓவியங்களை நியூயார்க்கின் மோர்கன் நூலகத்துக்கு விட்டுச் சென்றார். 2019இல் அவை அங்கே கண்காட்சியாக வைக்கப்பட்டன.