சம்பள ஏற்றத்தோடு வந்த மொழி

தனிச் சிங்களச் சட்டம் எப்போது வந்தது என்று கேட்டால் தரம் 11 பிள்ளை 1956 என்று உடனே சொல்லும். பரீட்சைக்கு அது போதும். ஆனால் மூன்றே பிரிவுகள் கொண்ட அந்தச் சட்டம் ஒரு தமிழ்பேசும் உத்தியோகத்தரின் வீட்டுக்குள் எந்த வழியால் நுழைந்தது? சம்பளத்தின் வழியால்தான். அது நடந்தது நமக்குப் பக்கத்துக் கேகாலையில்.

1961 டிசம்பரில் திறைசேரி 560ஆம் இலக்கச் சுற்றுநிருபத்தை அனுப்பியது. சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடையாத பழைய உத்தியோகத்தருக்குச் சம்பள ஏற்றம் இல்லை. கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்த செல்லையா கோடீஸ்வரன் 1952இல் சேவையில் சேர்ந்தவர். அப்போது கந்தோர் வேலையெல்லாம் ஆங்கிலத்தில். 1962 ஏப்ரலில் நடந்த பரீட்சைக்கு அவர் போகவில்லை. ஏற்றம் நின்றது. அரசாங்கத்தின் மீது வழக்குப் போட்டார்.

1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. ஒரு சமூகத்துக்குப் பாதகமான சட்டத்தைத் தடுக்கும் சோல்பரி யாப்பின் 29ஆம் பிரிவுக்கு இந்த மொழிச் சட்டம் முரண் என்றது. 1967இல் உயர் நீதிமன்றம் மொழிக் கேள்வியைத் தொடாமல், அரச ஊழியர் சம்பளத்துக்காக முடியின் மீது வழக்குப் போட முடியாது என்று முடித்தது. 1969இல் லண்டன் பிரிவிக் கவுன்சில் "போடலாம்" என்று சொல்லி, மொழிக் கேள்வியைத் தீர்க்கும்படி இங்கேயே திருப்பி அனுப்பியது. அந்தத் தீர்ப்பு வரவேயில்லை. பிரிவிக் கவுன்சிலுக்கு மேன்முறையீடு செய்யும் வழி 1971இல் மூடப்பட்டது. 1972 யாப்பில் 29ஆம் பிரிவும் போனது.

இதில் நாம் எங்கே நின்றோம்? சேர் ராசிக் பரீத் தனிச் சிங்களத்தை ஆதரித்தார். அதைத் துரோகம் என்பவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அப்படிச் சொல்ல மனம் வரவில்லை. 1915 கலவரம் மூண்டது இந்தக் கண்டி நகரத்தில். அதைக் கண்ணால் கண்டவர்கள் 1956இலும் உயிரோடு இருந்தார்கள். சிங்கள ஊர்களுக்கு நடுவே கடை வைத்துப் பிழைப்பவனின் பயம் வேறு.

பாடசாலையில் முஸ்லிம் பெற்றோருக்கு மொழிமூலத்தைத் தெரிவு செய்யும் சலுகை கிடைத்தது. சலுகைதான், ஆனால் சுமையும்கூட. இன்றும் இந்தப் பக்கத்தில் ஒரே வீட்டில் மூத்தவன் சிங்கள மொழிமூலம், இளையவள் தமிழ் மொழிமூலம். அப்படியிருந்தும் தமிழ் போய்விடவில்லை. 1882இல் 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தமிழில் தொடங்கியவர் கண்டிச் சித்திலெப்பைதான். கல்ஹின்னை என்ற சின்ன ஊரிலிருந்து எஸ்.எம். ஹனிபாவின் தமிழ் மன்றம் எத்தனையோ நூல்களை வெளியிட்டது.

1987இல் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. அந்த 'உம்'மை இலக்கணத்தில் எச்சவும்மை என்போம். முன்னால் ஒன்று இருக்கிறது, இது பிறகு வந்து சேர்ந்தது என்று அர்த்தம். சட்டம் வந்து இருபது வருடம் கழித்துத்தான் அது உத்தியோகத்தரின் மேசைக்கு வந்தது, மறுபடியும் ஒரு சுற்றுநிருபமாக. 07/2007: 2007 ஜூலை 1க்குப் பின் சேருபவர்கள் ஐந்து வருடத்துக்குள் இரண்டாவது அரசகரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டும் என்றது அது. தவறினால் சம்பள ஏற்றம் தள்ளிப்போகும் என்றது. கோடீஸ்வரனைத் தண்டித்த அதே ஆயுதம். ஆனால் இரண்டையும் ஒன்று என்று சொல்ல மாட்டேன். 1961இல் ஒரு மொழிக்காரர் மட்டும் படிக்க வேண்டியிருந்தது, இப்போது இரு பக்கமும் படிக்க வேண்டும்.

கேரளம் 2017இல் வேறு வழி எடுத்தது. பத்தாம் வகுப்பு வரை எல்லாப் பாடசாலையிலும் மலையாளம் கட்டாயம் என்றார்கள். காசர்கோட்டுக் கன்னடக்காரர் தெருவுக்கு வந்தார்கள். அங்கே பிள்ளையின் மேசையில் கை வைத்தார்கள், இங்கே உத்தியோகத்தரின் சம்பளத்தில். பரீட்சையில் சித்தியடைந்த உத்தியோகத்தர் நம் உம்மாமாரோடு தமிழில் பேசுகிறாரா என்பதைச் சுற்றுநிருபம் கேட்பதில்லை.

1960களில் கண்டிக் கச்சேரியிலோ தபால் கந்தோரிலோ பாடசாலையிலோ வேலை செய்த வாப்பாமார், மூத்தவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால், அந்தச் சிங்களப் பரீட்சையைப் பற்றிக் கேட்டுக் கீழே எழுதுங்கள். யார் எழுதினார்கள், யார் மறுத்தார்கள், யார் ராஜினாமாச் செய்தார்கள் என்று. என் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டப் போகிறேன்.