மலை மறைக்காத விளையாட்டு

கேமரன் மலையில் பிரிஞ்சாங்கிலிருந்து வடக்கே கம்போங் ராஜாவை நோக்கிப் போகும் சாலையில், கீ பார்மைத் தாண்டியதும் வருகிறது திரிங்காப். ஊரைச் சுற்றிக் கண்ணில் படுபவை காய்கறித் தோட்டங்களும் அவற்றின் பிளாஸ்டிக் கூரைகளும்தான். தேயிலை தெற்கே சுங்கை பாலாஸிலும் வடக்கே புளூ வேலியிலும் விரிந்து கிடக்கிறது. இப்படியோர் இடத்தை வைத்துக்கொண்டு ஸ்மார்ட் டிவியில் வீடியோ கேம் ஆடுவதைப் பற்றி ஏன் பேச வேண்டும் என்று கேட்கலாம். பெட்டி வேண்டாம், கேசட் வேண்டாம், டிவியும் இணையமும் இருந்தால் போதும், இனி விளையாட்டு எல்லோருக்கும் எட்டும் என்று, ஆட்டத்தைத் தொலைவிலுள்ள கணினியில் ஓட்டிப் படத்தை மட்டும் இணையத்தில் அனுப்பும் ஸ்ட்ரீமிங் நிறுவனங்கள் சொல்கின்றன. கோலாலம்பூர் அடுக்குமாடியிலிருந்து பார்த்தால் இது நியாயமாகவே படும். மலைப் பள்ளத்தாக்கில் தோட்டத் தொழிலாளர் வாழும் ஒரு லயத்து வீட்டிலிருந்து, அறுபது ஆண்டு வரலாற்றோடு சேர்த்துப் பார்த்தால் நடந்திருப்பது நேர்மாறு. மலை எப்படி வளைந்தாலும் வீட்டுக்குள் வந்துவிட்டிருந்த ஒரு விளையாட்டு, இப்போது நிலத்தின் தயவுக்கும் எங்கோ இருக்கும் நிறுவனத்தின் தயவுக்கும் மறுபடி போய்ச் சேர்ந்திருக்கிறது.

இந்த மலையில் ஒரு வசதி கண்ணெதிரே நிற்பதற்கும் அது தொழிலாளியின் வீட்டுக்குள் வருவதற்கும் இடையே எப்போதும் ஓர் இடைவெளி இருந்திருக்கிறது. 1885-இல் வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் இந்தப் பகுதியைப் பார்த்து எழுதினார். ஆனாலும் தாப்பாவிலிருந்து மேலே சாலை ஏறுவதற்கு 1930 நெருங்கிவிட்டது. 1929-இல் ஜே.ஏ. ரஸ்ஸல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். அடுத்த சில ஆண்டுகளில் வேறு தோட்டங்களும் எழுந்தன. காடு வெட்டவும் கொழுந்து பறிக்கவும் தமிழர்கள் வந்தார்கள், லயங்கள் வரிசை கட்டின. 1960-களில் ரிங்லெட்டில் சுல்தான் அபு பக்கார் அணை எழுந்தது. தெலோம் ஆற்றின் நீரைச் சுரங்கத்தின் வழியே திருப்பிக் கொண்டுவந்து மின்சாரம் எடுத்தார்கள். திரிங்காப்புக்கு வடக்கே கோலா தெர்லாவிலும் கம்போங் ராஜாவிலும்கூடச் சிறு மின்நிலையங்கள் இயங்கின. ஆனால் அந்தத் திட்டம் கீழ்நாட்டின் தேவைக்காகப் போடப்பட்டது. அந்தக் காலத்தில் மலேசியாவின் பல தோட்டங்களில் லயத்துக்குக் கிடைத்தது, தோட்ட ஜெனரேட்டர் அந்தியிலிருந்து சில மணி நேரம் தரும் வெளிச்சம்தான். தோட்டத் தொழிலாளர் குடியிருப்புக்கு இன்னின்ன வசதி இருக்க வேண்டும் என்று 1966-இல் ஒரு சட்டம் வந்தது; அது போதாமல் 1990-இல் இன்னொன்று வந்தது. இரண்டாவது சட்டம் தேவைப்பட்டதே முதலாவது எவ்வளவு தூரம் எட்டியது என்பதைக் காட்டிவிடுகிறது.

தொலைக்காட்சியும் இதே வழியில்தான் வந்தது. மலேசியாவில் ஒளிபரப்பு 1963 டிசம்பர் 28-இல் தொடங்கியது. பின்னாளில் சுங்கை பாலாஸ் தேயிலைச் சரிவின் வழியே ஏறிப்போகும் சாலையின் முடிவில், இரண்டாயிரம் மீட்டருக்கு மேல் உயர்ந்த பிரிஞ்சாங் மலை உச்சியில் ஒலி, ஒளி பரப்பும் கோபுரங்கள் நின்றன. ஆனால் இந்த அலைகள் நேர்கோட்டில் போகிறவை. குறுக்கே ஒரு மேடு வந்தால் அதற்குப் பின்னாலுள்ள வீட்டுக்குப் படம் புள்ளி புள்ளியாகத்தான் தெரியும். உச்சியில் கோபுரம் இருப்பதால் அடிவாரத்து மடிப்பில் படம் தெளிவாகும் என்று சொல்ல முடியாது. கூடத்தில் ஒரு பெட்டி வைத்து ஊரே கூடிப் பார்த்த காலம் தோட்டங்களில் நீண்டதற்கு ஏழ்மை ஒரு காரணம். மின்சாரமும் அலையும் வீட்டுக்கு வீடு சமமாக வராததும் காரணம்.

இந்த இடத்தில்தான் விளையாட்டுப் பெட்டியின் தனிச்சிறப்பு புரிகிறது. ரால்ஃப் பேர் என்ற அமெரிக்கப் பொறியாளர் 1966-இல் ஒரு யோசனையை எழுதி வைத்தார். வீடுகளில் கோடிக்கணக்கில் டிவிகள் இருக்கின்றன, வருவதைப் பார்ப்பதற்கு மட்டும்தானா அவை என்பது அவருடைய கேள்வி. 1972-இல் விற்பனைக்கு வந்த மேக்னவாக்ஸ் ஒடிசி அதற்கு விடை. அது டிவியின் ஆன்டெனா முனையில் மாட்டப்பட்டு, காலியாக இருக்கும் ஓர் அலைவரிசையில் தன் படத்தைத் தானே அனுப்பியது. டிவியைப் பொறுத்தவரை அது ஒரு ஒளிபரப்பு நிலையம். ஒரே ஒரு வீட்டுக்கு மட்டும் ஒளிபரப்பும், மேசைமேல் வைக்கக்கூடிய நிலையம். இந்த ஏற்பாட்டின் விளைவை நகரத்தார் கவனிக்க வேண்டிய தேவை வரவில்லை. மலையில் இருப்பவர்களுக்கோ அது பெரிய விஷயம். அரசு ஒளிபரப்பான ஆர்டிஎம்மின் படம் நடுங்குகிற வீட்டிலும் இந்தப் பெட்டியின் படம் துல்லியமாக இருக்கும். அலை எங்கிருந்தும் வர வேண்டியதில்லை என்பதால் மேடு மறைக்க ஒன்றுமில்லை. மின்சாரம் இருக்கும் சில மணி நேரம் போதும்.

பெட்டி மலேசியாவில் ஏழை வீட்டுக்கும் எட்டியது அசல் நிறுவனங்களால் அல்ல. நிண்டெண்டோ 1983-இல் ஜப்பானில் ஃபாமிகாமை வெளியிட்டது. அதன் சில்லுகளைப் பார்த்துச் செய்த தைவான் நகல்கள் எண்பதுகளின் இறுதியிலும் தொண்ணூறுகளிலும் உலகின் பாதிக்குப் பரவின. ரஷ்யாவில் அது டெண்டி, மலேசியாவில் மைக்ரோ ஜீனியஸ். மலேசியாவில் அந்தப் பெயரே எல்லா நகல் பெட்டிகளுக்கும் பொதுப்பெயராகிவிட்டது. அசல் பெட்டியின் வேலை நினைவகம் வெறும் 2 கிலோபைட். சூப்பர் மாரியோவின் முதல் ஆட்டம் முழுவதும் 40 கிலோபைட்டில் அடங்கிவிட்டது. ஆட்டம் இவ்வளவு சிறியதாக இருந்ததால்தான் ஒரே கேசட்டில் பல டஜன் ஆட்டங்களை அடைத்து விற்க முடிந்தது, அதனால்தான் விலையும் இறங்கியது. ஒருமுறை வாங்கினால் மாதாமாதம் யாருக்கும் எதுவும் கட்ட வேண்டாம். அடுத்த வீட்டுக்கு இரவல் கொடுக்கலாம், அலுத்துப்போனால் மாற்றிக்கொள்ளலாம், அண்ணன் ஆடி முடித்ததைத் தம்பிக்குத் தரலாம். இரண்டு ஜாய்ஸ்டிக் சேர்ந்தே வரும் என்பதால் ஆட்டத்தில் இன்னொருவரும் சேர்ந்துகொள்ள முடிந்தது. சுவருக்குச் சுவர் ஒட்டிய லயத்து வாழ்க்கைக்கு இதைவிடப் பொருந்துகிற விளையாட்டுச் சாதனம் பின்னர் வரவில்லை என்றே நான் நினைக்கிறேன்.

1996-இல் ஆஸ்ட்ரோ என்ற துணைக்கோள் தொலைக்காட்சி வந்தபோது பார்ப்பதில் இருந்த தடையும் நீங்கியது. மீசாட் துணைக்கோள் நிற்கும் திசை மலேசியாவிலிருந்து ஏறக்குறைய தலைக்கு நேர் மேலே. கேமரன் மலையிலிருந்து கணக்கிட்டால் அது எழுபது பாகைக்கும் மேலான உயரத்தில் தெரிகிறது. அதனால் எவ்வளவு ஆழமான பள்ளத்தாக்கிலும் தட்டு வேலை செய்தது. கனமழை மட்டும்தான் படத்தை நிறுத்தியது. வானவில் அலைவரிசையில் தமிழ் நாள் முழுக்க வந்தது. தோட்டத்து வீடுகளில் தட்டுகள் முளைத்ததற்கு அதுவே போதுமான காரணம். ஆனால் மலையைத் தோற்கடித்த அதே தட்டால் ஸ்ட்ரீமிங் விளையாட்டுக்குச் சிறிதும் பயனில்லை. அது வாங்கிக்கொள்ள மட்டுமே தெரிந்த கருவி, திருப்பி அனுப்பாது. அனுப்பத் தெரிந்திருந்தாலும் பயன் இருந்திருக்காது. துணைக்கோள் 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிற்கிறது. ஒரு சைகை மேலே போய்க் கீழே வரக் கால் விநாடி ஆகும். பொத்தானை அழுத்திய செய்தி போய், அதற்கான படம் திரும்பி வர அரை விநாடி. படம் பார்ப்பவருக்கு அந்தத் தாமதம் தெரியவே தெரியாது. ஓடிவரும் எதிரியைத் தாண்டிக் குதிக்க வேண்டியவருக்கு ஆட்டம் அதற்குள் முடிந்துவிடும். பார்க்கும் டிவியும் ஆடும் டிவியும் ஒரே கண்ணாடியாக இருந்தாலும் அவை நிலத்திடம் கேட்பவை வேறு. ஸ்ட்ரீமிங்கை ஆதரிப்பவர்கள் இதைத்தான் விட்டுவிடுகிறார்கள்: நெட்பிளிக்ஸ் ஓடும் வீட்டில் ஆட்டமும் ஓடும் என்பது அவர்களுடைய அனுமானம்.

கணக்கு என்ன சொல்கிறது என்று பார்ப்போம். என்விடியாவின் ஜிஃபோர்ஸ் நௌ சேவை சாதாரணத் தெளிவுக்கு விநாடிக்கு 15 மெகாபிட், முழுத் தெளிவுக்கு 25 மெகாபிட் கேட்கிறது. 15 என்று வைத்தாலும் ஒரு மணி நேர ஆட்டத்துக்கு ஏழு ஜிபிக்குச் சற்றுக் குறைவாகச் செலவாகும். ஒரே ஒரு விநாடியில் வந்துபோகும் தரவில் மேலே சொன்ன மாரியோ ஆட்டத்தை நாற்பது முறைக்கு மேல் அடைத்துவிடலாம். வந்ததில் எதுவும் வீட்டில் தங்காது. அடுத்த விநாடிக்கு மறுபடி அவ்வளவு வேண்டும். ஆனால் தொலைவைக் குறை சொல்வது தவறு. ஆட்டத்தை ஓட்டும் கணினி சிங்கப்பூரில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். திரிங்காப்பிலிருந்து சிங்கப்பூர் நேர்கோட்டில் ஏறத்தாழ 440 கிலோமீட்டர். கண்ணாடியிழைக்குள் ஒளி ஒரு மில்லிவிநாடிக்குச் சுமார் 200 கிலோமீட்டர் போகிறது. போய்வர ஐந்து மில்லிவிநாடி. கம்பி சுற்றி வளைந்து போனாலும் அதைப்போல் இரண்டு மடங்கு என்று வைத்துக்கொள்ளலாம். ஆட்டத்தின் ஒரு படச்சட்டம் நிற்பதே பதினாறு மில்லிவிநாடி. ஆகவே மலையின் உயரமோ தூரமோ குற்றவாளியல்ல. பெரிய சாலையோரம் வரை வந்த கம்பி அங்கிருந்து பிரிந்து லயம் வரை இறங்கியிருக்கிறதா என்ற அந்தக் கடைசித் துண்டுதான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. யூனிஃபை என்ற இழை இணையச் சேவை 2010-இல் தொடங்கியது. 2020-இல் ஜெண்டேலா என்ற தேசியத் திட்டம் வந்தது. இவை பலருக்கும் நன்மை செய்திருக்கின்றன. ஆயினும் இழை முதலில் போகும் இடம் வீடுகள் நெருக்கமாக உள்ள இடம். தோட்டத்துக்குள் சிதறிக் கிடக்கும் லயம் எந்தக் கணக்கிலும் கடைசி வரிசையில்தான் வரும்.

கம்பி வந்தால் சரியாகிவிடும் என்று சொல்பவர்கள் இன்னொரு வாசலை மறந்துவிடுகிறார்கள். 2022-இல் மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் சேவை சாம்சங் டிவிகளில் நேரடியாக வந்தபோது ஆசியாவில் அது கிடைத்தது தென்கொரியாவில் மட்டுமே. கூகுளின் ஸ்டேடியா ஆசியாவுக்கு வரவே இல்லை. அது 2019 நவம்பரில் தொடங்கி 2023 ஜனவரியில் மூடப்பட்டது. வாங்கியவர்களுக்குப் பணத்தைத் திருப்பித் தந்தார்கள். ஆனால் அதற்கென்றே செய்யப்பட்ட ஆட்டங்கள் சில அத்துடன் இல்லாமல் போயின. இது புதிதும் அல்ல. அமெரிக்காவில் கேபிள் வழியே 1994 முதல் 1998 வரை ஆட்டங்களை அனுப்பிய சேகா சேனல், பெட்டியை அணைத்ததும் ஆட்டத்தை அழித்துவிடும் விதத்தில்தான் அமைந்திருந்தது. ஜப்பானில் நிண்டெண்டோ 1995-இலிருந்து துணைக்கோள் வழியே அனுப்பியவற்றில் குரலோடு நேரலையாக வந்த ஆட்டங்களை இன்று முழுதாக மீட்க முடிவதில்லை. மைக்ரோ ஜீனியஸ் கேசட் ஒன்று பரணில் கிடந்தால், துடைத்துப் போட்டால் இன்றும் ஓட வாய்ப்பிருக்கிறது. திரிங்காப் எந்த நிறுவனத்தின் நாட்டுப் பட்டியலிலும் இருக்க வேண்டிய அவசியம் அதற்கு இருந்ததில்லை.

அந்தக் கேசட்டுகள் திருட்டு நகல்கள்தானே என்பது வலுவான மறுப்பு. ஆம், ஆட்டத்தை உருவாக்கியவருக்கு அவற்றால் ஒரு காசும் போகவில்லை. அதை நியாயப்படுத்த முடியாது. ஆனால் என் வாதம் நகலெடுத்ததைப் பற்றியதல்ல, தனித்து இயங்கும் அமைப்பைப் பற்றியது. தன்னுள்ளேயே எல்லாம் அடங்கிய, ஒருமுறை விலை கொடுத்து வாங்கும் பெட்டியை அசல் நிறுவனமே அந்த வருமானத்துக்கு ஏற்றபடி விற்றிருக்கலாம். அவர்கள் அந்த வாடிக்கையாளரைத் தேடி வரவில்லை. இரண்டாவது மறுப்பு கைப்பேசி: மொபைல் லெஜெண்ட்ஸ் என்ற கைப்பேசி ஆட்டம் எல்லா ஊரிலும் ஆடப்படும்போது டிவியைப் பற்றி யார் கவலைப்படுகிறார்கள்? இந்த எடுத்துக்காட்டு உண்மையில் என் பக்கமே சேர்கிறது. அந்த ஆட்டத்தில் படம் உருவாவது கையிலுள்ள கருவியில்; யார் எங்கே நகர்ந்தார்கள் என்ற சிறு செய்தி மட்டும் இணையத்தில் போய்வருகிறது. பலவீனமான மலை சிக்னலில்கூட அது தாக்குப்பிடிப்பது அதனால்தான். மைக்ரோ ஜீனியஸின் வாரிசு ஸ்ட்ரீமிங் டிவி அல்ல, இந்தக் கைப்பேசிதான். கைப்பேசியில் போய்விட்டது ஒரே திரை முன்னால் இரண்டு பேர் உட்காரும் வழக்கம். அந்த இழப்பு உண்மையானது. மூன்றாவதாக ஸ்டார்லிங்க் என்ற துணைக்கோள் இணையச் சேவை. 550 கிலோமீட்டர் உயரத்தில் பறக்கும் அதன் கோள்களுக்கு அந்த அரை விநாடிச் சிக்கல் இல்லை. 2023-இல் மலேசியாவுக்கு வந்தபோது அதன் மாதக் கட்டணம் 220 வெள்ளி, குறைந்தபட்ச மாதச் சம்பளம் 1,500 வெள்ளி. சம்பளத்தில் ஏழில் ஒரு பங்கைக் கொடுத்த பிறகுதான் விளையாட்டுச் சேவைக்கான சந்தாவைப் பற்றியே யோசிக்க முடியும்.

கூலியும் குடியிருப்பும் தீராத இடத்தில் விளையாட்டைப் பற்றிய ஆராய்ச்சி தேவையா என்று கேட்பவர்களின் அக்கறையை மதிக்கிறேன். ஆனால் உழைப்பவர் வேலை முடிந்து என்ன செய்ய முடிகிறது என்பதும் குடியிருப்பின் தரத்தில் சேர்ந்ததுதான். திடலில் திரை கட்டிக் காட்டிய படங்களும், கூடத்து டிவியும், கூரைமேல் ஏறிய ஆஸ்ட்ரோ தட்டும் தோட்ட மக்களின் வரலாற்றில் சம்பளப் பேச்சுவார்த்தைகளுக்கு அடுத்த இடத்தில் வைத்து எழுதத் தக்கவை. இப்போது கேமரன் மலைத் தோட்டங்களில் தமிழர்கள் குறைந்து வங்காளதேசத்தவரும் நேபாளத்தவரும் இந்தோனேசியரும் வேலை செய்கிறார்கள். ஒரே அறையில் பலர் தங்கும் அவர்களிடம் இருப்பது முன்கட்டணச் சிம் போட்ட கைப்பேசி. ஸ்மார்ட் டிவி சேவைகள் பொதுவாகக் கேட்கும் கடன் அட்டையும் தடையற்ற வீட்டு இணைப்பும் ஒப்பந்தக் காலத்துக்கு மட்டும் வந்து போகிறவர்களுக்கு அமைவது அரிது. ஆகவே திரிங்காப் வட்டாரத்தில் டிவி விளையாட்டு யாருக்கு எட்டுகிறது என்று இனி ஒருவர் கணக்கெடுத்தால், கம்பி எங்கே நிற்கிறது என்று பார்ப்பதோடு அந்த அறைகளையும் போய்ப் பார்க்க வேண்டியிருக்கும்.