லூசில் பால்

லூசில் பால் (ஆகஸ்ட் 6, 1911 – ஏப்ரல் 26, 1989) அமெரிக்க நகைச்சுவை நடிகை, தொலைக்காட்சித் தயாரிப்பாளர். சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1951 முதல் 1957 வரை வெளிவந்த ‘ஐ லவ் லூசி’ தொடரின் நாயகி.

நியூயார்க் மாநிலம் ஜேம்ஸ்டவுனில் பிறந்தார். மூன்று வயதில் தந்தையை டைபாய்டுக்குப் பறிகொடுத்தார். பதின்ம வயதில் நியூயார்க் நகரில் நாடகம் படிக்கப் போனவரை, கூச்சம் மிகுந்தவர், தேறமாட்டார் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். மாடலாகப் பிழைப்பு நடத்தி 1933இல் ஹாலிவுட் சேர்ந்தார். பல படங்களில் நடித்தும் முதல் வரிசை நட்சத்திரமாகவில்லை. 1940இல் கியூபாவில் பிறந்த இசைக்குழுத் தலைவர் டெசி அர்னாஸை மணந்தார்.

சிபிஎஸ் வானொலியில் அவர் நடித்த ‘மை ஃபேவரிட் ஹஸ்பெண்ட்’ நன்றாக ஓடியதால், அதே பாணியில் தொலைக்காட்சித் தொடர் கேட்டார்கள். கணவராக டெசிதான் நடிக்க வேண்டும் என்றார் லூசில். கியூபாக்காரரை அமெரிக்க வீட்டுக் கணவனாக மக்கள் ஏற்பார்களா என்று நிறுவனம் தயங்கியது. 1950இல் தம்பதியர் ஊர் ஊராக மேடையேறி, மக்கள் ஏற்பார்கள் என்று காட்டினார்கள்.

அடுத்த சிக்கல் படப்பிடிப்பு. அக்காலத்தில் பெரும்பாலான நிகழ்ச்சிகள் நியூயார்க்கிலிருந்து நேரலையாகப் போயின. லூசிலும் டெசியும் ஹாலிவுட்டை விட்டு நகரவில்லை. பார்வையாளர்களை எதிரே உட்காரவைத்து, மூன்று கேமராக்களால் ஒரே நேரத்தில் 35 மி.மீ. படச்சுருளில் எடுத்தார்கள். ‘மெட்ரோபோலிஸ்’ படத்தின் ஒளிப்பதிவாளர்களில் ஒருவரான கார்ல் ஃப்ராய்ண்ட் ஒளி அமைத்தார். கூடுதல் செலவுக்காகச் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, படச்சுருளின் உரிமையைத் தங்கள் டெசிலு நிறுவனத்துக்கே வாங்கிக்கொண்டார்கள். மறுஒளிபரப்பில் பின்னால் வந்த செல்வத்துக்கு இந்த ஒப்பந்தமே வித்து.

அவர் கலையை அறிய 1952இல் வந்த சாக்லேட் ஆலைக் காட்சி ஒன்றே போதும். லூசியும் தோழி எத்தலும் (விவியன் வான்ஸ்) ஓடும் பட்டையில் வரும் சாக்லேட்டுகளுக்குத் தாள் சுற்ற வேண்டும். பட்டை வேகமெடுக்கிறது. முதலில் ஒன்றிரண்டு வாய்க்குள், பிறகு தொப்பிக்குள், சட்டைக்குள். கன்னம் உப்பி, கண் பிதுங்க, மேற்பார்வையாளர் வரும்போது ஒன்றும் நடக்காததுபோல் நிற்கிறார். பார்ப்பதற்குத் தன்னிச்சையாகத் தோன்றும்; உண்மையில் கைப்பொருள் ஒவ்வொன்றையும் வைத்துத் திரும்பத் திரும்ப ஒத்திகை பார்த்தே அவர் நடிப்பார். முக அழகைப் பணயம் வைக்கத் துணிந்த நடிகைகள் அன்று மிகக் குறைவு.

இரண்டாவது குழந்தை வயிற்றில் இருந்தபோது அதையே கதையாக்கினார்கள். ‘கர்ப்பம்’ என்ற சொல்லுக்கு மட்டும் அனுமதி கிடைக்கவில்லை. 1953 ஜனவரி 19 அன்று திரையில் லூசிக்கு மகன் பிறந்ததைச் சுமார் 4.4 கோடிப் பேர் பார்த்தார்கள். அன்றைக்கே நிஜத்திலும் அவருக்கு அறுவை சிகிச்சையில் ஆண் குழந்தை பிறந்தது.

1960இல் மணமுறிவு. 1962இல் டெசியின் பங்குகளை வாங்கி டெசிலுவின் தலைவரானார். ‘ஸ்டார் ட்ரெக்’, ‘மிஷன்: இம்பாசிபிள்’ இரண்டும் அவர் தலைமையில் உருவானவை. 1967இல் நிறுவனத்தை விற்றார். ‘தி லூசி ஷோ’, ‘ஹியர்ஸ் லூசி’ 1974 வரை அவரைத் திரையில் வைத்திருந்தன. 1986இல் தொடங்கிய ‘லைஃப் வித் லூசி’ சில வாரங்களிலேயே நின்றுபோனது, அவரை மிகவும் வருத்தியது.

1989 மார்ச்சில் பாப் ஹோப்புடன் ஆஸ்கர் மேடையேறியபோது அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. ஒரு மாதம் முடிவதற்குள், பெருந்தமனி வெடித்து லாஸ் ஏஞ்சலஸில் காலமானார்.